சபூரா மறுத்த ஹடியா

அந்த ஆண்டு மலேசியாவில் வெளிவந்த தமிழ் நாவல்கள் ஐந்து. அவற்றுக்காகக் காத்திருந்த பரிசுகள் ஏழு. இந்த நிலையில் ஒருவர் பரிசே வாங்காமல் தப்பிக்க வேண்டுமானால் அதற்குத் தனித் திறமை வேண்டும். சபூராவிடம் அது இருந்தது.

பொங்கலுக்குள் ஆறு பரிசுகள் போய்ச் சேர்ந்துவிட்டன. இருவர் இரண்டிரண்டு வாங்கினார்கள். கிள்ளானில் ஒருவர், நாவலே எழுதாதவர், எழுதப்போகும் நாவலுக்காக ஒன்று வாங்கினார். ஜார்ஜ் டவுனில் சபூராவின் வீட்டுக்கு வந்ததெல்லாம் அந்த விழாக்களின் அழைப்பிதழ்கள்தாம். 'தங்கள் வருகை விழாவைச் சிறப்பிக்கும்' என்று எல்லாவற்றிலும் போட்டிருந்தது. அவளும் போய்ச் சிறப்பித்துவிட்டு, கேசரி சாப்பிட்டுவிட்டு வந்தாள்.

சபூரா எழுதுவது குடும்ப நாவல். பன்னிரண்டு எழுதிவிட்டாள். முதல் அத்தியாயத்தில் ஒரு பெண் கோபித்துக்கொள்வாள், கடைசி அத்தியாயத்தில் கல்யாணம் நடக்கும், நடுவில் எல்லாரும் தேநீர் குடிப்பார்கள். பாகான் டாலாமிலிருந்து சுங்கை பட்டாணி வரை அவளுக்கு வாசகிகள் உண்டு. பஸ்ஸில் நின்றுகொண்டே படித்து, இறங்க வேண்டிய இடத்தைத் தவறவிட்டவர்கள் அவளுக்குப் போன் செய்து திட்டியிருக்கிறார்கள். ஆனால் விமர்சகர்கள் திட்டியதில்லை. அதுதான் குறை. ஞாயிற்றுக்கிழமைத் தாளில் ஆண்டுதோறும் நாவல்களைத் தராசில் வைக்கும் சுப்பையா, முழுப் பக்கம் எழுதிவிட்டுக் கடைசி வரியில் இப்படி முடிப்பார்: 'சபூரா போன்றோரும் தொடர்ந்து எழுதி வருகின்றனர்.'

"அந்தப் போன்றோர் யாரு மச்சான்? இத்தன வருஷத்துல ஒரு தடவகூட நான் அவங்கள பாத்ததில்லயே" என்று கணவர் நூர் முகம்மதுவிடம் கேட்பாள்.

மூக்குக்கண்ணாடிக் கடை வைத்திருக்கும் நூர் முகம்மது, தாளைக் கொஞ்சம் தள்ளிப் பிடித்துப் பார்த்துவிட்டு, "எழுத்து சின்னதா இருக்கு, ஆனா உன் பேரு இருக்குல்ல" என்பார்.

மிச்சமிருந்தது ஏழாவது பரிசு. கோலாலம்பூர் அறக்கட்டளை ஒன்று கொடுப்பது, எல்லாவற்றிலும் பெரியது. அதற்கு நீளமாக ஒரு மலாய்ப் பெயர் உண்டு. யாருக்கும் அது முழுதாக வாயில் வராது. பரிசு என்பதற்கு மலாயில் 'ஹடியா' என்பார்கள் அல்லவா, அந்த ஒரு சொல்லையே பெயராக்கிவிட்டார்கள். 'இந்த வருஷம் ஹடியா யாருக்கு?' என்று கேட்டால் எழுத்தாளர்களுக்கு அடுத்த வேளைச் சோறு இறங்காது. சபூரா அதற்குத் தன் 'நிக்காஹ்வுக்கு முந்தின நாள்' நாவலை அனுப்பியிருந்தாள். அனுப்பியதை யாரிடமும் சொல்லவில்லை. ஆசைப்பட்டது தெரிந்தால் அசிங்கம் என்பது எழுத்தாளர்களுக்குள் ஒரு நடைமுறை. எல்லாரும் ஆசைப்படுவார்கள், எல்லாரும் 'யாரோ அனுப்பிட்டாங்கபோல' என்பார்கள்.

நோன்புக்கு முந்தைய மாதம் அது. பள்ளிவாசலில் இறந்தவர்களுக்காக ஓதி, அந்த நன்மையை அவர்களுக்குச் சேர்த்துவைக்கும் மாதம். முஸ்லிம் வீடுகளில் இதற்குப் பெயர் ஹதியா. குடும்பத்தில் காலமானவர்களின் பெயர்களை, ஆணுக்குப் 'பின்', பெண்ணுக்குப் 'பிந்தி' என்று போட்டுத் தகப்பன் பெயரோடு பள்ளிவாசல் கமிட்டியில் கொடுக்க வேண்டும். சபூராவின் வீட்டில் அந்தப் பொறுப்பு நூர் முகம்மதுவின் அக்கா ஆசியா பீவிக்கு. புருஷன் போன பிறகு தம்பி வீட்டோடு வந்துவிட்டவள். வாய் பெரிது, மனசு அதைவிடப் பெரிது. அவளுக்குக் கைப்பேசி கிடையாது. அதனால் கமிட்டியில் சபூராவின் எண்ணைக் கொடுத்துவிட்டு வந்திருந்தாள்.

மறுநாள் காலை சபூரா கைப்பேசியைச் சார்ஜில் போட்டுவிட்டு பாசாருக்கு மீன் வாங்கப் போனாள். அப்போதுதான் அந்த அழைப்பு வந்தது. பின்னால் இரண்டு பக்கமும் விசாரித்து சபூரா சேர்த்துவைத்த பேச்சு இது.

"வணக்கம்மா, கமிட்டியிலேர்ந்து பேசறேன். ஹடியா விஷயமா."

குரல் அறக்கட்டளையின் பரிசுக் கமிட்டிச் செயலாளர் யுகேந்திரனுடையது. பெயரைச் சொல்லியிருந்தால் பிழைத்திருப்பான். சொல்லவில்லை. ஆசியா பீவி அப்போது மசாலா அரைத்துக்கொண்டிருந்தாள். மெஷினை நிறுத்தாமலே பேசினாள். அந்த இரைச்சலில் 'வணக்கம்' போய்விட்டது. கமிட்டியும் ஹடியாவும்தான் காதில் விழுந்தன.

"சொல்லுங்க தம்பி. பேரெல்லாம் நேத்தே குடுத்துட்டேனே."

"ஆமாம்மா, பேரு வந்துருச்சு. கன்ஃபார்ம் பண்ணத்தான் கூப்பிட்டேன். சபூரா பிந்தி ஷேக் தாவூது. சரிதானே?"

ஆசியா பீவி மெஷினை நிறுத்தினாள்.

"யாரு பேரு?"

"சபூரா அம்மா பேருதான். ஒருமனதா முடிவு பண்ணிட்டாங்க."

"யா அல்லாஹ்! ஒருமனதா வேறயா? அவ பாசாருக்குப் போயிருக்காடா! தம்பி, மொதல்ல அந்தப் பேர வெட்டு. அவ உசிரோட இருக்கறவரைக்கும் ஒரு ஹதியாவும் வேணாம்."

"அம்மா... அவங்ககிட்ட ஒரு வார்த்தை கேட்டுட்டு..."

"அவகிட்ட கேக்கறதுக்கு என்ன இருக்கு? இதப் போய் அவ காதுல போடுவாங்களா? செத்தவங்களுக்குக் குடுங்க. எத்தனை பேரு காத்துக்கிட்டிருக்காங்க!"

யுகேந்திரன் தாளும் பேனாவும் எடுத்தான்.

"கமிட்டியில இத அப்படியே சொல்லட்டுமாம்மா?"

"அப்படியே சொல்லு. ஒரு எழுத்து விடாமச் சொல்லு."

யுகேந்திரன் ஒரு எழுத்து விடவில்லை.

சபூரா மீனோடு வந்தபோது ஆசியா பீவி ஒன்றும் சொல்லவில்லை. உயிரோடிருப்பவளிடம் அபசகுனமாக எதைச் சொல்வது? மிளகாயும் உப்பும் கொண்டுவந்து மகளைப்போல் பாவிக்கும் தம்பி மனைவியின் தலையை மூன்று சுற்றுச் சுற்றிப் போட்டாள். "கண்ணேறு" என்றாள். பரிசு இல்லாத எழுத்தாளருக்கு யார் கண் படும் என்று சபூரா யோசித்துவிட்டு மீனை அலசப் போனாள்.

இரண்டு நாள் கழித்து, கைப்பேசி மின்விசிறிபோல் அதிரத் தொடங்கியது. எழுத்தாளர் குழுக்கள் எல்லாவற்றிலும் ஒரே செய்தி. 'ஹடியாவை மறுத்தார் சபூரா! "செத்தவர்களுக்குக் கொடுங்கள்" என முழக்கம்!' கீழே கைதட்டும் படங்கள், முஷ்டி மடக்கிய படங்கள், அழும் படங்கள். அடுத்து லோகேஸ்வரி அழைத்தாள். புக்கிட் மெர்தாஜாமில் பள்ளி ஆசிரியை; பல்கலைக்கழகத்தில் சபூராவோடு ஒரே அறையில் இருந்தவள்; தீவிர இலக்கியம் எழுதுபவள்.

"சபூ, உன்ன என்னமோன்னு நெனச்சிருந்தேன்டி. மன்னிச்சுக்கோ."

"என்னன்னு நெனச்ச?"

"அத விடு. செத்தவங்களுக்குக் கொடுங்கன்னு சொன்ன பாரு... முப்பது வருஷமா நாங்கல்லாம் சொல்லணும்னு இருந்தது. எழுத்தாளன் சாகறவரைக்கும் இந்த நாட்டுல யாரு கண்டுக்கறா?"

சபூரா எதற்கும் "ம்" என்று சொல்லிவைத்தாள். பிறகு சமையலறைக்குப் போனாள்.

"மதினி, முந்தாநாள் எனக்குப் போன் வந்துச்சா?"

ஆசியா பீவி தயங்கித் தயங்கி எல்லாவற்றையும் சொன்னாள். சொல்லும்போதே அவளுக்குக் கண் கலங்கியது. "உன் பேர எவனோ மவுத்தானவங்களோட சேத்துட்டான்மா. நான் விடுவேனா? வெட்டிட்டேன்."

நூர் முகம்மது சிரிக்கத் தொடங்கி, சிரிப்பு முடியாமல் நாற்காலியைத் தேடி உட்கார்ந்தார். "பன்னெண்டு நாவல் எழுதி வராத பேரு, எங்க ராத்தா ஒரே போன்ல வாங்கிக் குடுத்துட்டா!"

"சிரிக்காதீங்க மச்சான். அது எனக்கு வந்த பரிசு. ஒருமனதா வந்தது!"

'ஒருமனதா' என்பதைச் சபூரா இன்னொரு தடவை தனக்குள் சொல்லிப் பார்த்தாள். அவள் புத்தகத்தை ஒரு கமிட்டி படித்திருக்கிறது. படித்து, யாரும் சண்டை போடாமல் ஒத்துக்கொண்டிருக்கிறது. தமிழ் எழுத்தாளர்கள் ஐந்து பேர் ஒரு மேசையில் சண்டை போடாமல் எழுந்திருப்பதே பெரிய விஷயம்.

உடனே யுகேந்திரனை அழைத்து உண்மையைச் சொல்லியிருக்க வேண்டும். கைப்பேசியை எடுக்கவும் செய்தாள். அதற்குள் சுப்பையாவின் கட்டுரை வந்துவிட்டது.

முக்கால் பக்கம். தலைப்பு 'நிமிர்ந்த பேனா'. போன்றோர் யாருமில்லை, சபூரா மட்டும். 'சபூராவின் நாவல்களில் கதாபாத்திரங்கள் இடைவிடாது தேநீர் அருந்துவதை வெறும் உபசாரமென நாம் கடந்து வந்திருக்கிறோம். இன்று அந்தக் கோப்பைகளின் மௌனம் புரிகிறது' என்று எழுதியிருந்தார். சபூரா அதை மூன்று முறை படித்தாள். அந்தக் கோப்பைகளை அவள் வைத்தது, அடுத்து என்ன எழுதுவதென்று தெரியாத இடங்களில்.

சரி, நாளைக்குச் சொல்லிக்கொள்ளலாம் என்று கைப்பேசியை வைத்தாள்.

நாளை வந்தது, அதற்கடுத்த நாளும் வந்தது. சபூரா பூப்போட்ட துணிகளை அலமாரிக்குள் தள்ளிவிட்டு, சாம்பல் நிறக் கைத்தறியை வெளியில் எடுத்தாள். அழைப்பு வந்தால் முதல் மணியில் எடுப்பதை நிறுத்தினாள். ஒரு கல்லூரி மாணவி பேட்டிக்கு வந்து, "பரிசுன்னா உங்களுக்கு என்னம்மா?" என்று கேட்டாள். சபூரா சன்னல் வழியாக வெளியே பார்த்துவிட்டு, "பரிசு ஒரு சத்தம். எழுத்து அமைதி" என்றாள். அதற்கு என்ன அர்த்தம் என்று அவளுக்கே தெரியவில்லை. மாணவி அதைத் தடித்த எழுத்தில் போட்டாள்.

தேநீர்த் தட்டோடு நின்ற ஆசியா பீவிக்கு அது பிடிக்கவில்லை. மாணவி போன பிறகு, "அந்தப் புள்ளகிட்ட என்னமோ பேசுனியே, காய்ச்சல் கீய்ச்சலா?" என்று நெற்றியைத் தொட்டுப் பார்த்தாள்.

அடுத்த வாரம் இரண்டாம் இடத்தில் இருந்த நாவலுக்கு ஹடியா அறிவிக்கப்பட்டது. லோகேஸ்வரியின் 'மூன்றாம் ஷிஃப்ட்.' சபூரா வாழ்த்துச் சொல்லக் கூப்பிட்டாள். லோகேஸ்வரியின் குரல் கரகரத்திருந்தது.

"வாழ்த்தா? கிண்டல் பண்றியா? நாளைக்கு நானும் மறுக்கப்போறேன்."

"ஏன்டி?"

"நீ தூக்கிப்போட்டத நான் பொறுக்கிக்கிட்டேன்னு பேசமாட்டாங்களா? குரூப்ல பாத்தியா, இப்பவே ஆரம்பிச்சுட்டாங்க. 'லோகேஸ்வரிக்கும் முதுகெலும்பு உண்டா, பார்ப்போம்'னு ஒருத்தன் போட்டிருக்கான். ஒரு புத்தகம் இல்ல அவனுக்கு!"

"வேணும்னா வாங்கிக்க வேண்டியதுதானே."

மறுமுனையில் மூக்கை உறிஞ்சும் சத்தம் கேட்டது. "வேணும் சபூ. ரொம்ப வேணும். ஒம்போது வருஷம் எழுதுனேன். என் ஸ்டாஃப் ரூம்ல யாருக்கும் நான் எழுதுறேன்னே தெரியாது. ஆனா எனக்கு வேணும்னு உன்கிட்டச் சொல்லவே வெக்கமா இருக்கு. நீ எங்க, நான் எங்க! நாளைக்கு லெட்டர் அனுப்பிடுவேன்."

அன்று சபூரா சாப்பிட உட்கார்ந்து, சோற்றைப் பிசைந்துகொண்டே இருந்தாள்.

"உண்மையச் சொன்னா என்ன ஆகும்?" என்றார் நூர் முகம்மது.

"ஊரே சிரிக்கும். சுப்பையா அந்த முக்கால் பக்கத்தையும் திரும்ப வாங்கிக்குவாரு. ஆனா பரிசு எனக்கே திரும்பி வந்தாலும் வரும் மச்சான். எனக்குத்தானே மொதல்ல குடுத்தாங்க. அப்ப லோகா கைய விட்டுப் போயிரும்."

"சொல்லலேன்னா?"

"அவ தூக்கிப் போட்டுருவா. யாருக்கும் இல்லாமப் போயிரும்."

"அவ புத்தகம் எப்படி?"

சபூரா அவர் தட்டில் இன்னும் கொஞ்சம் சோறு போட்டாள். 'மூன்றாம் ஷிஃப்ட்' வெளியீட்டு விழாவில் இரண்டு பிரதி வாங்கி, கையெழுத்தும் வாங்கி, மேடையில் அதைப் பாராட்டியும் பேசியிருந்தாள். படிக்கத்தான் இல்லை. அந்த ஆண்டின் ஐந்து நாவல்களில் அவள் முழுதாகப் படித்தது ஒன்றே ஒன்று. அதுவும் பிழை திருத்துவதற்காகப் படித்த தன்னுடையது.

மறுநாள் சனிக்கிழமை. கடலைத் தாண்டிப் புக்கிட் மெர்தாஜாம் போகக் காலையிலேயே ஃபெரிக்குப் புறப்பட்டாள். ஆசியா பீவியும் துப்பட்டியைப் போட்டுக்கொண்டு கிளம்பிவிட்டாள்.

"நீங்க எதுக்கு மதினி?"

"பேர வெட்டுனது நான்தானே. சாட்சி வேணாமா?"

ஃபெரியில் சபூரா அந்தப் புத்தகத்தைப் பிரித்தாள். மோசமாக இருக்க வேண்டும் என்று உள்ளுக்குள் ஒரு வேண்டுதல் இருந்தது. இருந்தால் மனசாட்சிக்கு வேலை குறையும். முதல் பத்துப் பக்கம் அவள் வேண்டியபடியே இருந்தது. மழை, இருட்டு, மறுபடி மழை. 'நல்லவேளை' என்று நினைத்தாள். பட்டர்வொர்த்தில் ரயிலேறிய பிறகுதான் அந்த இடம் வந்தது. மாக் மண்டின் பேட்டையில் ஒரு தொழிற்சாலையில் விடிய விடிய வேலை பார்த்த ஒரு பெண், வீட்டுக்குப் போகும் பஸ்ஸில் நின்றபடியே தூங்கிவிடுகிறாள். பஸ்ஸின் கைப்பிடி என்று நினைத்து அவள் பிடித்துக்கொண்டிருப்பது, முன்னால் நிற்கும் முன்பின் தெரியாத ஒரு மலாய்க்காரியின் கைப்பையின் வாரை. அந்த மலாய்க்காரி இறங்கவேண்டிய இடம் வருகிறது. அவள் இறங்கவில்லை. தூங்குகிறவள் விழித்துவிடுவாளென்று, பையைத் தோளில் அப்படியே வைத்துக்கொண்டு கடைசி நிறுத்தம் வரை போகிறாள்.

சபூரா புத்தகத்தை மூடிவிட்டு வெளியே பார்த்தாள். "சனியன், நல்லா எழுதியிருக்கா" என்றாள்.

"யாரு?" என்றாள் ஆசியா பீவி.

"லோகா."

"நல்லா எழுதுனா சந்தோஷந்தானே. ஏன் பல்லைக் கடிக்கிற?"

லோகேஸ்வரி வீட்டு மேசையில் மறுப்புக் கடிதம் தயாராக இருந்தது. அனுப்புவதற்கு முன் சபூராவிடம் காட்டி ஒப்புதல் வாங்கவேண்டும் என்று வைத்திருந்தாள். 'எனது தோழி சபூரா ஏற்றிய சுடரை' என்று அது தொடங்கியது. அதற்குமேல் சபூராவால் படிக்க முடியவில்லை.

"லோகா, நான் எதையும் ஏத்தல. நான் மீன் வாங்கப் போயிருந்தேன்."

ஆரம்பத்தில் லோகேஸ்வரிக்குப் புரியவில்லை. ஆசியா பீவி, மசாலா மெஷின் சத்தம் உட்பட எல்லாவற்றையும் நடித்துக் காட்டினாள். "செத்தவங்களுக்குக் குடுங்க" என்ற இடம் வந்ததும் லோகேஸ்வரி மேசையில் தலையைக் கவிழ்த்துக்கொண்டாள். தோள்கள் குலுங்கின. அழுகிறாளோ என்று சபூரா பயந்து தொட்டாள். நிமிர்ந்தபோது கண்ணெல்லாம் தண்ணீர், வாயெல்லாம் சிரிப்பு.

"அப்ப... அப்ப சுப்பையா சாரோட அந்தக் கோப்பைகளின் மௌனம்?"

"சும்மா டீடி அது! அடுத்து என்ன எழுதறதுன்னு தெரியாம ஊத்தி வெச்ச டீ!"

மூவரும் சிரித்தார்கள். முதலில் சிரிப்பை நிறுத்தியவள் லோகேஸ்வரி.

"அப்ப பரிசு உன்னோடதுதான்டி. இப்பவே போன் போடு. ஒருமனதா உனக்குக் குடுத்திருக்காங்க."

சபூரா இதற்காகத்தான் பயந்திருந்தாள். இதைக் கேட்கவும்தான் ஆசைப்பட்டிருந்தாள். லோகேஸ்வரியே எண்ணை எடுத்துக் கொடுத்தாள். மணி அடித்தது.

"தம்பி யுகேந்திரன், நான் சபூரா பேசறேன். ஒங்க ஹடியாவ நான் மறுக்கல."

நடந்ததைச் சொல்லி முடித்தாள். ஒலிபெருக்கியில் போட்டிருந்ததால் யுகேந்திரன் எச்சில் விழுங்குவதுகூடக் கேட்டது.

"அம்மா, இத கமிட்டியில சொன்னா என் வேலை போயிரும் லா."

"ஒரு எழுத்து விடாமச் சொல்லுங்க. போனத்தடவ நல்லாத்தானே சொன்னீங்க?"

"இப்ப நான் என்ன பண்ணட்டும்? சபூரா அம்மாவுக்கு மாத்தித் தரச் சொல்லட்டுமா? கேட்டா குடுத்துருவாங்க. கார்டு இன்னும் அடிக்கல."

கேட்டால் கொடுத்துவிடுவார்கள். சபூரா லோகேஸ்வரியைப் பார்த்தாள். அவள் சுவரில் தொங்கும் நாட்காட்டியைப் பார்த்துக்கொண்டிருந்தாள். முகத்தில் எதையும் காட்டிவிடக் கூடாது என்று பாடுபடுகிறவளின் முகம். சபூராவின் நாவல்களில் இப்படிப்பட்ட இடத்தில் கதாநாயகி தியாகம் செய்துவிட்டுப் புன்னகைப்பாள். எழுதுவது எவ்வளவு சுலபம் என்று அவளுக்கு அப்போது தெரிந்தது. புன்னகை வரவில்லை.

"எனக்கு வேணும் தம்பி" என்றாள். "எழுதிக்குங்க. சபூரா பிந்தி ஷேக் தாவூதுக்குப் பரிசு வேணும். ரொம்ப நாளா வேணும். அனுப்பி வெச்சது நானேதான், வேற யாருமில்ல."

"சரிம்மா."

"ஆனா இந்த வருஷத்துது லோகேஸ்வரிக்கு. ரெண்டு புத்தகத்தையும் படிச்சவ சொல்றேன். அவ பஸ்ல ஒருத்தி தூங்குறா தம்பி. என் பன்னெண்டு நாவல்லயும் அந்த மாதிரி ஒருத்தி தூங்கல. அடுத்த வருஷம் என்னுது வரும், அப்ப மறக்காமக் கூப்பிடுங்க."

"அடுத்த நாவல் எழுதிட்டீங்களாம்மா?"

"பாதி."

"பொய்" என்றாள் ஆசியா பீவி, ஒலிபெருக்கிக்கு நேராகக் குனிந்து. "இன்னும் பொண்ணே கோவிச்சுக்கல."

லோகேஸ்வரி கடிதத்தை நான்காக மடித்தாள். சிரிப்பதா அழுவதா என்று தீர்மானிக்க முடியாமல், சபூராவின் முழங்கையில் நன்றாகக் கிள்ளினாள்.

"எப்ப படிச்ச? வெளியீட்டுல பேசுனப்போ அந்தப் பஸ்ஸப் பத்தி ஒரு வார்த்தை சொல்லலயே?"

"இன்னிக்கு ரயில்லதான்" என்றாள் சபூரா, கையைத் தேய்த்துக்கொண்டே. "முழுசா முடிக்கல. நாப்பதாம் பக்கத்துலதான் இருக்கேன். அந்தப் பொண்ணு வீடு போய்ச் சேந்தாளான்னு சொல்லாத. திரும்பிப் போறப்போ படிச்சுக்கறேன்."